வீட்டு ஜன்னலும் சின்னக் குழந்தையும்: பெற்றோர் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

குழந்தை நடக்கத் தொடங்கியதும் மின்சாரப் பிளக்குக்கு மூடி போடுகிறோம், மருந்து டப்பாவை உயரத்தில் வைக்கிறோம், குளியலறைக் கதவைச் சாத்தி வைக்கிறோம். ஜன்னல் மட்டும் இந்தக் கணக்கில் வருவதே இல்லை. தினமும் பார்த்துப் பார்த்து அதுவும் சுவரோடு சுவராகிவிடுகிறது. ஒன்று முதல் ஆறு வயது வரையுள்ள குழந்தைகளை மனதில் வைத்து, பெற்றோரும் தாத்தா பாட்டிகளும் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன்.

குழந்தைக்கு நன்றாகச் சொல்லிக்கொடுத்துவிட்டால் போதாதா? தடுப்பு, பூட்டு எல்லாம் வேண்டுமா?

போதாது. முதலில் ஜன்னலைச் சரிசெய்யுங்கள், அப்புறம் குழந்தைக்குச் சொல்லிக்கொடுங்கள். இந்த வரிசையை மாற்ற வேண்டாம்.

மூன்று வயதுக் குழந்தையிடம் "ஜன்னல்ல ஏறலாமா?" என்று கேளுங்கள். "ஏறக் கூடாது" என்று தலையை ஆட்டி ஆட்டிச் சொல்லும். அந்த நேரத்தில் அதற்கு உண்மையாகவே தெரியும். ஐந்து நிமிஷம் கழித்துக் கீழே ஒரு நாய் குரைத்தால் நாற்காலியை இழுத்துப் போட்டு ஏறிவிடும். விதியைத் தெரிந்து வைத்திருப்பது வேறு. ஆசை பொங்கி வரும் நொடியில் அந்த விதியை நினைத்துத் தன்னைத் தானே நிறுத்திக்கொள்வது வேறு. இரண்டாவது திறன் மூளையின் முன்பகுதி வளர வளரத்தான் வரும், அதற்குப் பல வருஷம் ஆகும். குழந்தை எவ்வளவு சமர்த்தாக இருந்தாலும் இது இப்படித்தான்.

நியூயார்க் நகரின் அனுபவம் இங்கே சொல்ல வேண்டியது. மாடி ஜன்னல்களிலிருந்து குழந்தைகள் விழுந்து இறப்பதைப் பார்த்து அந்த நகரின் சுகாதாரத் துறை 1972-ல் 'குழந்தைகளால் பறக்க முடியாது' என்ற பெயரில் ஒரு திட்டம் தொடங்கியது. வீடு வீடாகப் போய்ப் பெற்றோரிடம் பேசினார்கள். கூடவே, குழந்தை இருக்கும் ஏழைக் குடும்பங்களுக்கு ஜன்னல் தடுப்புகளை இலவசமாகக் கொடுத்தார்கள். பிராங்க்ஸ் பகுதியில் 1973-லிருந்து 1975-க்குள் இப்படி விழும் சம்பவங்கள் ஏறத்தாழப் பாதியாகக் குறைந்தன. அதைப் பார்த்துத்தான் 1976-ல், பத்து வயதும் அதற்குக் கீழும் உள்ள குழந்தைகள் வசிக்கும் அடுக்குமாடி வீடுகளில் கட்டட உரிமையாளரே தடுப்பு போட்டுத் தர வேண்டும் என்று சட்டம் வந்தது. பேச்சும் இரும்பும் சேர்ந்துதான் வேலை செய்தன.

அப்படியானால் எதற்குச் சொல்லிக்கொடுக்க வேண்டும் என்று கேட்கலாம். தடுப்பு நம் வீட்டில்தான் இருக்கும். குழந்தை சொந்தக்காரர் வீட்டுக்கும் விடுதி அறைக்கும் போகும். நம் வீட்டிலேயே ஒரு நாள் யாராவது தாழ்ப்பாளைப் போட மறப்பார்கள். அந்த நாளுக்காகத்தான் பழக்கம்.

மற்றவர்களைவிடச் சின்னக் குழந்தைகள் சுலபமாகத் தவறி விழுவது ஏன்?

உடம்பின் அளவுதான் காரணம். பிறந்த குழந்தையின் தலை அதன் மொத்த நீளத்தில் கால் பங்கு. பெரியவர்களுக்கு அது ஏழில் ஒன்று, எட்டில் ஒன்று என்ற அளவுக்குக் குறைந்துவிடுகிறது. இரண்டு, மூன்று வயதிலும் தலையும் மார்பும்தான் கனமாக இருக்கும், கால்கள் குட்டையாகவும் லேசாகவும் இருக்கும். நாம் எட்டிப் பார்த்தால் இடுப்பு உள்ளேயே நின்று நம்மைப் பிடித்துக்கொள்ளும். குழந்தை எட்டிப் பார்த்தால் பாரம் முழுக்க விளிம்புக்கு வெளியே போய்விடும், கால் தரையை விட்டு எழும்பிவிடும், பின்னால் இழுத்துக்கொள்ள வயிற்றிலும் கையிலும் அவ்வளவு பலம் இருக்காது. தலை முதலில் போவதால்தான் தலைக்காயமும் அதிகம்.

அமெரிக்க மருத்துவமனைகளின் 1990 முதல் 2008 வரையிலான பதிவுகளை ஆராய்ந்து 2011-ல் ஓர் ஆய்வு வெளிவந்தது. ஜன்னலிலிருந்து விழுந்து அவசர சிகிச்சைக்கு வந்த குழந்தைகள் அந்த ஒரு நாட்டிலேயே ஆண்டுக்குச் சராசரியாக 5,000-க்கும் மேல். அவர்களில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு ஐந்து வயதுக்குக் கீழே. ஜன்னலைத் திறந்து வைக்கும் வெயில் மாதங்களில் எண்ணிக்கை கூடியது.

எங்கள் ஜன்னலில் கொசுவலை இருக்கிறது. பரவாயில்லையா?

கொசுவலை கொசுவைத் தடுக்கும். குழந்தையைத் தடுக்காது.

எனக்கு மிகவும் கவலை தருவது இந்தக் கொசுவலை நம்பிக்கைதான். திறந்த ஜன்னலைப் பார்த்தால் யாருக்கும் பக்கென்று இருக்கும். வலை போட்ட ஜன்னலைப் பார்த்தால் மூடியிருப்பது போல ஒரு நினைப்பு வந்துவிடும். குழந்தை இல்லாத நேரத்தில் வலைச் சட்டத்தின் ஒரு மூலையை இரண்டு விரலால் லேசாகத் தள்ளிப் பாருங்கள். சட்டம் வளையும், ஓர ரப்பர் பிதுங்கும், பல ஜன்னல்களில் அந்த அளவு அழுத்தத்துக்கே தடத்தைவிட்டு வெளியே வந்துவிடும். வெல்க்ரோ ஒட்டிய வலையென்றால் சொல்லவே வேண்டாம். பத்துப் பன்னிரண்டு கிலோ எடையுள்ள குழந்தை முதுகைச் சாய்த்தால் என்ன ஆகும் என்று நினைத்துப் பாருங்கள். குழந்தைகளுக்கு வலையில் முகத்தையும் வயிற்றையும் வைத்து அழுத்துவது பிடிக்கும் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

இதைக் குழந்தைக்கு நடத்திக் காட்ட வேண்டாம். வலை கழன்று விழுவதை ஒரு முறை பார்த்துவிட்டால், அடுத்து அது தானே செய்து பார்க்கத்தான் நினைக்கும்.

காற்று வேண்டாமா? எவ்வளவு திறந்து வைக்கலாம்?

10 செ.மீ., அதாவது 4 அங்குலம். அதற்கு மேல் திறக்காதபடி ஒரு தடை இருக்க வேண்டும். இந்த அளவு குழந்தையின் உடம்பை வைத்து வந்தது, 10 செ.மீ. இடைவெளியில் ஒரு சின்னக் குழந்தையின் உடம்பு நுழையாது. கையால் அளப்பதை நம்ப வேண்டாம், ஆளுக்கு ஆள் கை மாறும். ஸ்கேலை எடுத்து அளந்துவிடுங்கள்.

ஸ்லைடிங் ஜன்னலென்றால் வேலை சுலபம். கீழ்த் தடத்தில் திருகிப் பொருத்தும் சின்ன ஸ்டாப்பர் கிடைக்கும். அது வாங்கும்வரை தடத்தில் சரியாக உட்காரும் ஒரு மரத்துண்டை வெட்டி வைக்கலாம், ஆனால் குழந்தை கையால் எடுக்க முடியாதபடி இறுக்கமாக இருக்க வேண்டும். கதவு போல வெளிப்பக்கம் திறக்கும் ஜன்னலுக்குக் குட்டையான கொக்கியோ, திறக்கும் அளவைக் கட்டுப்படுத்தும் கம்பிவடப் பூட்டோ போடலாம். கூடுமானவரை பூட்டு ஜன்னலின் மேல் பாதியில் இருக்கட்டும். மேல், கீழ் என இரண்டு பாகமாகத் திறக்கும் ஜன்னலென்றால் மேல் பாகத்தை மட்டும் திறந்து வையுங்கள்.

வாங்கும் தடுப்பை ஒரு பெரியவர் இரண்டு அசைவில், ஒன்றை அழுத்திக்கொண்டே இன்னொன்றை இழுப்பது போல, விடுவிக்க முடிகிறதா என்று பாருங்கள். இரண்டையும் சேர்த்துச் செய்யச் சின்னக் குழந்தையால் முடியாது. அவசரத்தில் நம்மால் முடியும்.

இரும்புக் கம்பி போட்ட ஜன்னல்தான். இனி கவலை இல்லையே?

பெரும்பாலும் நல்லதுதான், ஆனால் மூன்று விஷயங்களைப் பார்த்துவிடுங்கள்.

கம்பிகளுக்கு நடுவே இடைவெளி 10 செ.மீ.க்குள் இருக்கிறதா? அதைவிட அகலமாக இருந்தால் குழந்தை முழுதாக வெளியே வந்து விழும் என்று மட்டும் நினைக்காதீர்கள். கால் முதலில் நுழைந்து, உடம்பும் நுழைந்து, தலை மட்டும் சிக்கிக்கொள்வது இன்னொரு ஆபத்து.

கம்பிகள் எந்தத் திசையில் போகின்றன? படுக்கைவாட்டில் போட்ட கம்பியும் பூ வேலைப்பாடுள்ள கிரில்லும் குழந்தைக்கு ஏணி. கம்பி மூடாத மேல் பகுதி ஒன்று இருந்தால் அங்கே போய்ச் சேர்ந்துவிடும். புதிதாகப் போடுவதாக இருந்தால் நேர்க்கம்பியாகக் கேளுங்கள்.

மூன்றாவது, தீ. எல்லா ஜன்னலிலும் திறக்க முடியாத கம்பி இருந்தால், வாசல் பக்கம் தீப்பிடிக்கும்போது வீட்டில் இருப்பவர்களுக்கு வெளியேற வழி இருக்காது. படுக்கையறை ஜன்னல் ஒன்றிலாவது உள்ளிருந்து சாவி இல்லாமல் பெரியவர் திறக்கக்கூடிய கதவு வைத்த கிரில் இருக்க வேண்டும்.

அறையில் பொருட்களை எப்படி வைப்பது?

முட்டி போட்டு, குழந்தையின் கண் மட்டத்தில் அறையை ஒரு சுற்று சுற்றி வாருங்கள். நின்றபடி பார்க்கும்போது கட்டில் கட்டிலாகத்தான் தெரியும். கீழிருந்து பார்த்தால் கட்டில், அதன் தலைமாட்டுப் பலகை, அப்புறம் ஜன்னல் திண்டு என்று மூன்று படி தெரியும். சோபாவின் கைப்பிடி ஒரு படி, பொம்மைப் பெட்டி ஒரு படி. கட்டில், தொட்டில், சோபா, மேசை, புத்தக அலமாரி எல்லாவற்றையும் ஜன்னலிலிருந்து நகர்த்துங்கள். இடமே இல்லை, கட்டில் அங்கேதான் இருந்தாக வேண்டும் என்றால், அந்த ஜன்னலுக்குத்தான் முதல் தடுப்பு.

இழுக்கக்கூடியதை மறந்துவிடாதீர்கள். பிளாஸ்டிக் ஸ்டூல், துணி வைக்கும் கூடை, சக்கரம் வைத்த நாற்காலி ஆகியவற்றை இரண்டு வயதுக் குழந்தையே தள்ளிக்கொண்டு போகும். திண்டின் மேல் பொம்மையோ பிஸ்கட் டப்பாவோ வைக்காதீர்கள். பால்கனிக்கும் இதே கணக்குதான். கைப்பிடிச் சுவர் ஓரமாக வைத்த பூந்தொட்டியும் பழைய நாற்காலியும் ஏறுவதற்கு வாகானவை.

எந்த வயதில் சொல்லிக்கொடுக்கத் தொடங்கலாம்?

தவழும்போதே. அந்த வயதில் விளக்கம் எதுவும் புரியாது, ஆனால் நாம் செய்வதைப் பார்த்துக்கொண்டே இருக்கும். குழந்தையைத் திண்டில் உட்காரவைத்து வேடிக்கை காட்டி ஊட்டுவதை நிறுத்துங்கள். 'நான் கையால் பிடித்துக்கொண்டுதானே இருக்கிறேன்' என்பது சரிதான். ஆனால் தினமும் உட்காரவைத்தால், அது தனக்கான இடம் என்றுதான் குழந்தை எடுத்துக்கொள்ளும். நாம் பக்கத்தில் இல்லாதபோதும் அங்கே போய் உட்காரத்தான் ஏறும்.

இரண்டு, மூன்று வயதில் ஒரே ஒரு விதி போதும். நான்கு, ஐந்து வயதில் காரணத்தையும் சேர்த்துச் சொல்லலாம். ஆறு வயதுக் குழந்தைக்குத் தம்பி தங்கை இருந்தால், "தம்பி ஜன்னல் பக்கம் போனா உடனே என்னைக் கூப்பிடு" என்று சொல்லி வைக்கலாம். தம்பியைத் தூக்கவோ இழுக்கவோ சொல்ல வேண்டாம். காவல் காக்கும் பொறுப்பை அதன் தலையில் வைக்கவும் வேண்டாம், அது நம் வேலை.

என்ன வார்த்தையில் சொன்னால் புரியும்?

'ஜாக்கிரதையா இரு' என்பது சின்னக் குழந்தைக்கு எதையும் சொல்வதில்லை. என்ன செய்தால் ஜாக்கிரதை என்று அதற்குத் தெரியாது. 'ஏறாதே' என்றால் ஏறுவதைத்தான் நினைக்கும். அதனால் கையும் காலும் என்ன செய்ய வேண்டும் என்று சொல்லுங்கள்: "ஜன்னல் கிட்ட ரெண்டு காலும் தரையில." இந்த ஒரு வரியை வீட்டில் எல்லோரும் ஒரே மாதிரி சொன்னால் பாதி வேலை முடிந்தது. அம்மா ஒரு மாதிரி, தாத்தா ஒரு மாதிரி சொன்னால் குழந்தைக்கு அது இரண்டு விதி.

ஜன்னல் திறந்திருக்கும்போது இன்னொரு வரி: "திறந்திருந்தா ஒரு கை தள்ளி." இதை இப்படிப் பழக்கலாம். மூடிய ஜன்னலுக்கு முன்னால் குழந்தையை நிற்கவைத்து, கையை முழுக்க நீட்டச் சொல்லுங்கள். விரல் நுனி கண்ணாடியைத் தொடாத இடத்துக்குப் பின்னால் வரச் சொல்லுங்கள். அந்த இடத்தில் தரையில் ஒரு கலர் டேப் ஒட்டுங்கள். எந்தக் கலர் என்று குழந்தையே சொல்லட்டும், அதுவே ஒட்டட்டும். கோணலாக ஒட்டினாலும் அப்படியே விடுங்கள். தான் ஒட்டிய கோடு என்பதால் வீட்டுக்கு வருகிறவர்களிடமெல்லாம் அதைக் காட்டி விளக்கம் சொல்லும். வாரக்கணக்கில் நாம் சொல்வதைவிட, அது ஒரு முறை மற்றவருக்குச் சொல்வது நன்றாகப் பதியும்.

பொம்மையை வைத்தும் செய்யலாம். "கரடிக்குட்டிக்கு வெளியே பார்க்கணுமாம். எங்கே நிக்கணும்னு சொல்லிக்கொடு" என்று கேளுங்கள். கரடி கோட்டைத் தாண்டினால் குழந்தை என்ன சொல்கிறது என்று கவனியுங்கள். விதி அதற்கு எவ்வளவு புரிந்திருக்கிறது என்று அப்போது தெரிந்துவிடும். கரடியை வெளியே விழவைத்து விளையாட மட்டும் வேண்டாம்.

அப்புறம், ஜன்னலைத் திறப்பதும் மூடுவதும் பெரியவர் வேலை என்பது. "காத்து வேணும்னா என்னைக் கேளு" என்று சொல்லுங்கள். கேட்டால் எழுந்து போய்த் திறந்துவிடுங்கள். 'அப்புறம் பார்க்கலாம்' என்று நாலு தடவை தள்ளிப்போட்டால் ஐந்தாவது தடவை தானே திறக்கப் போகும்.

நடைமுறையில் ஒன்றைக் கவனித்திருக்கிறேன்: குழந்தை சரியாகச் செய்த நேரத்தில் நாம் ஒன்றும் சொல்வதே இல்லை. கோட்டுக்குப் பின்னால் நின்று வேடிக்கை பார்க்கும்போது "கால் ரெண்டும் தரையில இருக்கே, சூப்பர்" என்று போகிற போக்கில் சொல்லிவிட்டுப் போங்கள். தப்பு செய்யும்போது மட்டும்தான் ஓடி வருகிறோம் என்றால், நம்மை வரவழைக்க அதுதான் வழி என்று குழந்தை புரிந்துகொள்ளும்.

விழுந்தால் என்ன ஆகும் என்று பயமுறுத்திச் சொல்லலாமா?

வேண்டாம். பூச்சாண்டி வருவான் என்பதும் வேண்டாம். பூச்சாண்டி வரவில்லை என்று தெரிந்த அன்றே விதியும் போய்விடும். சில குழந்தைகள் பயந்து, ஜன்னல் உள்ள அறையில் தூங்கவே மறுக்கும். நான்கு வயதுக்கு மேல் உள்ள குழந்தை ஏன் என்று கேட்டால் உண்மையைச் சுருக்கமாகச் சொல்லுங்கள்: "எட்டிப் பார்த்தா தலை கனத்துக் கீழே விழுந்துடுவோம். ரொம்ப அடிபடும்." அவ்வளவுதான். செய்தியில் வந்த சம்பவத்தின் வீடியோவைக் காட்டாதீர்கள்.

பறக்கும் கதாநாயகர்களைப் பார்க்கும் குழந்தையிடம் தனியாக ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். "அது படத்துல வர்றது. நிஜத்துல யாராலயும் அப்படிப் பறக்க முடியாது" என்று படம் பார்க்கும்போதே சொல்லிவிடுங்கள். முதுகில் துண்டு கட்டிப் பறக்கிற விளையாட்டு தரையில் நடக்கட்டும்.

வெளியே பார்க்கக் குழந்தைக்கு ரொம்ப ஆசை. முழுக்கத் தடுப்பது பாவமாக இருக்கிறதே?

தடுக்கவே வேண்டாம். பறவை, மழை, வண்டி, எதிர்வீட்டுப் பூனை எல்லாம் அதற்குப் பெரிய விஷயம். பார்க்க வழி இல்லையென்றால்தான் வழி தேடும். திறக்காத கண்ணாடி ஜன்னலோ, நன்றாகத் தடுப்பு போட்ட ஜன்னலோ ஒன்றைத் தேர்ந்தெடுத்து 'வேடிக்கை ஜன்னல்' என்று பெயர் வையுங்கள். நாற்காலி இல்லாமல் தரையில் நின்றே பார்க்க முடிகிற உயரத்தில் இருந்தால் மிகவும் நல்லது. உயரமாக இருந்தால் நீங்கள் இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டு, ஜன்னலை மூடிவிட்டு, சேர்ந்து பாருங்கள். தினமும் ஒரு முறை நிதானமாக இப்படிப் பார்த்துவிட்டால் தனியாக ஏறும் ஆசை பெரிதும் தணியும்.

அப்பா வேலைக்குப் போகும்போது ஜன்னலிலிருந்து டாட்டா காட்டுவது வழக்கம். அதுவும் ஆபத்தா?

ஆமாம், பலரும் கவனிக்காமல் விடும் ஆபத்து இது. தனக்கு மிகவும் பிடித்த ஆள் கீழே நின்று கையசைக்கும்போது குழந்தை விளிம்பைப் பார்க்காது, ஆளைத்தான் பார்க்கும். வண்டி நகர நகர, இன்னும் கொஞ்சம் பார்க்கலாம் என்று உடம்பு வெளியே சாயும். சாயங்காலம் ஹாரன் சத்தம் கேட்டவுடன் ஜன்னலுக்கு ஓடுவதும் இதே கதைதான். யாரும் கவனிக்காத நேரத்தில் ஓடும் என்பதால் இன்னும் மோசம்.

டாட்டாவை வாசலுக்கு மாற்றுங்கள். திரும்பி வரும்போது ஹாரன் அடிக்காமல், கீழே நின்று பெயர் சொல்லிக் கூப்பிடாமல், மேலே வந்து கதவைத் தட்டுங்கள். "அப்பா சத்தம் கேட்டா கதவு கிட்ட ஓடணும்" என்பதை ஒரு விளையாட்டாக ஆக்கிவிட்டால் சில நாளில் கால் தானாக வாசல் பக்கம் திரும்பும். பக்கத்து வீட்டுக்காரர்களிடமும், பெரிய குழந்தைகளிடமும், கீழிருந்து குழந்தையைக் கூப்பிட்டுக் கொஞ்ச வேண்டாம் என்று சொல்லி வையுங்கள். யாரும் தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள்.

பொருட்களை ஜன்னல் வழியே வெளியே எறிகிறான். என்ன செய்வது?

ஒன்றரை, இரண்டு வயதில் இது ஆராய்ச்சி. விட்டால் விழுகிறது, சத்தம் வருகிறது, யாரோ எடுத்து வருகிறார்கள். அவனுக்கு எல்லாமே சந்தோஷம். ஆபத்து என்னவென்றால், எறிந்த பொருள் எங்கே விழுந்தது என்று எட்டிப் பார்ப்பான். கீழே போகிறவர் தலையிலும் விழும். சத்தம் போடாமல் ஜன்னலை மூடுங்கள், எறிந்த பொருளை அன்றைக்குத் திருப்பித் தராதீர்கள், எறிய ஆசைப்பட்டால் அறைக்குள் ஒரு கூடையை வைத்து அதில் போடச் சொல்லுங்கள். பெரிய குழந்தையிடம் இன்னொன்றும் சொல்லி வைக்க வேண்டும்: பொம்மை வெளியே விழுந்துவிட்டால் திட்டு விழாது, வந்து சொன்னால் போதும். திட்டுக்குப் பயந்து தானே எட்டி எடுக்கப் பார்க்கும் குழந்தைகள் உண்டு.

திரைச்சீலை, பிளைண்ட் கயிறுகளாலும் ஆபத்து என்கிறார்களே?

உண்மைதான், இது சத்தமே இல்லாத ஆபத்து. பிளைண்டை ஏற்றி இறக்கும் கயிறும் மணிச்சங்கிலியும் வளையமாகத் தொங்கும்போது குழந்தையின் கழுத்தில் மாட்டிக்கொள்ளலாம். மூச்சுக்குழாய் அழுத்தப்படுவதால் குழந்தையால் கத்த முடியாது. ஒரு நிமிஷத்துக்குள் உயிருக்கு ஆபத்தாகிவிடும், பக்கத்து அறையில் இருப்பவருக்குத் தெரியவும் தெரியாது.

நல்ல வழி, கயிறே இல்லாத பிளைண்ட். அமெரிக்காவில் 2018 டிசம்பரில் நடைமுறைக்கு வந்த தர விதிப்படி, கடையில் தயாராக விற்கும் பிளைண்டுகளில் கயிறு இருக்கவே கூடாது, அல்லது குழந்தைக்கு எட்டாததாக இருக்க வேண்டும். உங்கள் வீட்டில் பழைய பிளைண்ட் இருந்தால், சுவரில் கிளீட் எனப்படும் கொக்கியைத் தரையிலிருந்து குறைந்தது ஒன்றரை மீட்டர் உயரத்தில் அடித்து, ஒவ்வொரு முறையும் கயிற்றை முழுக்க அதில் சுற்றி வையுங்கள். மணிச்சங்கிலியைத் தொங்கவிடாமல் சுவரோடு இறுக்கிப் பிடிக்கும் கிளிப் உண்டு, அதைப் பொருத்துங்கள். தொட்டிலை அங்கிருந்து நகர்த்துவது இன்றைக்கே செய்யக்கூடியது. குழந்தைக்குச் சொல்ல வேண்டியது: "கழுத்துல எதையும் மாட்டக் கூடாது." கயிறு, துப்பட்டா, பை வார், எல்லாவற்றுக்கும் இந்த ஒரே விதி.

கண்ணாடி உடைந்தால்?

தாழ்வான ஜன்னலுக்கு டஃபன்ட் கண்ணாடி நல்லது. உடைந்தால் நீளமான கத்தித் துண்டுகளாக இல்லாமல் பொடிப்பொடியாக உதிரும். மாற்ற வசதி இல்லையென்றால் பாதுகாப்பு ஃபிலிம் ஒட்டலாம், உடைந்த துண்டுகளை அது பிடித்து வைத்துக்கொள்ளும். பெரிய கண்ணாடியில் குழந்தையின் கண் மட்டத்தில் நாலைந்து ஸ்டிக்கர் ஒட்டினால் ஓடி வந்து மோதுவது குறையும்.

வாடகை வீடு. சுவரில் துளை போட விடமாட்டார்கள்.

உரிமையாளரிடம் குழந்தையின் வயதைச் சொல்லிக் கேளுங்கள். பலர் சம்மதிப்பார்கள். சம்மதிக்காவிட்டால், டிரில் இல்லாமல் தடத்தை இறுக்கிப் பிடிக்கும் கிளாம்ப் வகைப் பூட்டுகள் ஸ்லைடிங் ஜன்னலுக்குப் போதும். பசையால் ஒட்டும் வகையை வெயிலும் ஈரமும் படும் இடத்தில் நம்ப வேண்டாம். எதுவுமே முடியாத ஜன்னல் என்றால், குழந்தை இருக்கும் அறையில் அதைத் திறக்கவே திறக்காமல் வேறு வழியில் காற்று வரவழைப்பதுதான் சரி.

அடுத்தவர் வீட்டுக்குப் போகும்போது எப்படிச் சொல்வது? சங்கடமாக இருக்கிறது.

சொல்வதைவிடப் பார்ப்பது சுலபம். போனவுடன் குழந்தையைக் கையில் வைத்துக்கொண்டே, அது இருக்கப்போகும் அறைகளின் ஜன்னலை ஒரு முறை பாருங்கள். "குழந்தை ஏறுவான், இதைக் கொஞ்சம் சாத்திக்கலாமா?" என்று கேட்டால் யாரும் மறுக்க மாட்டார்கள். விடுதி அறையில் பெட்டியைப் பிரிப்பதற்கு முன்பே இதைச் செய்துவிடுங்கள். கட்டிலுக்கு மேலேயே ஜன்னல் இருக்கும் அறைகள் நிறைய. புது வீட்டுக்குக் குடிபோகும் நாள் மிகவும் மோசமான நாள். தடுப்பு இன்னும் வந்திருக்காது, ஜன்னலெல்லாம் திறந்திருக்கும், பெட்டிகள் படிபோல அடுக்கியிருக்கும், எல்லோரும் வேலையாக இருப்பார்கள். அன்றைக்குக் குழந்தையைப் பார்த்துக்கொள்ள மட்டும் ஒருவரை வையுங்கள்.

வீட்டுப் பெரியவர்கள், "நாங்க எல்லாம் இப்படியா வளர்த்தோம்?" என்று கேட்டால் வாதம் செய்யாதீர்கள். ஸ்கேலைக் கையில் கொடுத்து, "கம்பி இடைவெளி எவ்வளவு இருக்குன்னு பாருங்கப்பா" என்று அவர்களையே அளக்கச் சொல்லுங்கள்.

தீப்பிடித்தால் ஜன்னல்தானே வழி? 'பக்கத்தில் போகாதே' என்று சொன்னால் குழப்பம் வராதா?

ஆறு வயது வரை குழந்தையைத் தானாக ஜன்னல் வழியே வெளியேறப் பழக்க வேண்டாம். அதை வெளியே கொண்டுவருவது பெரியவர் பொறுப்பு. எந்தப் பெரியவர் எந்தக் குழந்தையைத் தூக்குவார் என்று இப்போதே பேசி முடிவு செய்யுங்கள். ஜன்னல் பூட்டை இருட்டில் திறக்க வீட்டில் எல்லாப் பெரியவர்களுக்கும் தெரிந்திருக்க வேண்டும். ஒரு ராத்திரி விளக்கை அணைத்துவிட்டுத் திறந்து பாருங்கள். குழந்தைக்குச் சொல்ல வேண்டியது வேறு: புகை வந்தால் கட்டிலுக்கு அடியிலோ அலமாரிக்குள்ளோ ஒளியக் கூடாது, சத்தம் போட்டுக் கூப்பிட வேண்டும். பயந்த குழந்தை ஒளியத்தான் பார்க்கும், தேடுகிறவர் கண்ணில் படாமலேயே போய்விடும்.

குழந்தை ஏற்கெனவே திண்டில் ஏறி நிற்பதைப் பார்த்தால்?

கத்தாதீர்கள். திடுக்கிட்டுத் திரும்பினால் கால் தவறும். ஓடவும் வேண்டாம், விளையாட்டென்று நினைத்து நகரும். சாதாரணக் குரலில் ஏதாவது பேசிக்கொண்டே விறுவிறுவென்று நடந்து போய் இடுப்பைச் சேர்த்துப் பிடித்து இறக்குங்கள். திட்டு, விளக்கம் எல்லாம் பிறகு. நீங்கள் கீழே தெருவிலிருந்து பார்த்தால் குழந்தையின் பெயரைச் சொல்லிக் கூப்பிடாதீர்கள், உங்களைப் பார்க்கத்தான் இன்னும் சாயும். உள்ளே இருப்பவருக்குப் போன் செய்யுங்கள், இன்னொருவரை மேலே ஓடச் சொல்லுங்கள்.

விழுந்தேவிட்டால் முதலில் என்ன செய்ய வேண்டும்?

தூக்காதீர்கள். பெற்ற மனம் உடனே வாரி எடுக்கத்தான் துடிக்கும். ஆனால் கழுத்திலோ முதுகெலும்பிலோ அடிபட்டிருந்தால் அசைப்பதே பெரிய சேதம் செய்யும். அந்த இடத்தில் வேறு உடனடி ஆபத்து இருந்தால் மட்டும் நகர்த்துங்கள். ஒருவர் ஆம்புலன்ஸைக் கூப்பிடட்டும். நீங்கள் தலையையும் கழுத்தையும் இரண்டு கையாலும் அசையாமல் பிடித்துக்கொண்டு, குழந்தையிடம் பேசிக்கொண்டே இருங்கள். ரத்தம் வந்தால் சுத்தமான துணியால் அழுத்திப் பிடியுங்கள். தண்ணீர்கூடக் கொடுக்க வேண்டாம். மூச்சு இல்லையென்றால் ஆம்புலன்ஸ் எண்ணில் பேசுகிறவர் சொல்லும்படி உடனே முதலுதவி தொடங்குங்கள்.

உயரத்திலிருந்து விழுந்த குழந்தை எழுந்து சிரித்து விளையாடினாலும் மருத்துவரிடம் காட்டியே ஆக வேண்டும். உள்காயம் வெளியே தெரியச் சில மணி நேரம் ஆகலாம். மறுபடி மறுபடி வாந்தி, எழுப்பினாலும் விழிக்காத தூக்கம், வலிப்பு, காதிலோ மூக்கிலோ ரத்தம் அல்லது தண்ணீர் போன்ற திரவம், ஒரு கண்ணின் பாப்பா பெரிதாக இருப்பது, ஒரு கையோ காலோ சரியாக அசையாதது ஆகியவற்றில் ஒன்று தெரிந்தாலும் ஒரு நொடியும் தாமதிக்கக் கூடாது.

இந்தத் தடுப்பெல்லாம் எப்போது கழற்றலாம்?

நியூயார்க் சட்டம் பத்து வயதுவரை வேண்டும் என்கிறது. அதையே கணக்காக வைத்துக்கொள்ளலாம். சொன்னது சட்டென்று ஏறாத குழந்தை, ஆபத்தை உணராத குழந்தை, தூக்கத்தில் நடக்கும் குழந்தை என்றால் வயதைப் பார்க்காமல் இருக்கட்டும். அதுவரை மாதம் ஒரு முறை ஸ்க்ரூ தளர்ந்திருக்கிறதா, ஸ்டாப்பர் நகர்ந்திருக்கிறதா, இடைவெளி இன்னும் 10 செ.மீ.க்குள்தான் இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். வெயில் காலம் தொடங்கும் முன்பு கட்டாயம் ஒரு முறை. ஜன்னல் துடைத்த அன்றும், கொசுவலை கழற்றி மாட்டிய அன்றும் பாருங்கள். வேலைக்காக எடுத்த ஸ்டாப்பரைத் திருப்பிப் போட மறப்பது அந்த நாட்களில்தான்.